சுத்தம் பண்ணதுக்கு அப்புறம்தான் பிஸ்டல் மக்கர் பண்ணுது, எங்க தப்பு பண்ணேன்?

புதுத்தோட்டா:
எல்லாருக்கும் வணக்கம், ரொம்ப நாளா படிச்சிட்டு மட்டும் இருந்தேன், இது முதல் போஸ்ட், திட்டாம படிங்க. 9 எம்எம், பாலிமர் ஃப்ரேம், ஸ்ட்ரைக்கர் டைப், வாங்கி ஒரு வருஷம் ஆகப்போகுது. இதுவரைக்கும் சுட்டுட்டு வந்தா பேரல்ல ஒரு துணி விட்டு இழுக்கிறதோட சரி, ஒரு தடவ கூட ஜாம் ஆனதில்ல. போன வாரம் லீவு கிடைச்சுது, ரெண்டு வீடியோ பாத்துட்டு மத்தியானம் பூரா உக்காந்து ஸ்லைடு (மேல முன்னும் பின்னும் ஓடுற இரும்புப் பாகம்), பேரல், ஸ்பிரிங் எல்லாம் பிரிச்சு சால்வென்ட் ஊத்தி தேய் தேய்னு தேச்சு, கண்ணாடி மாதிரி ஆக்கி, ஸ்ப்ரே ஆயில் தாராளமா அடிச்சு மாட்டி வச்சேன். நேத்து ரேஞ்சுல 50 ரவுண்டுல (தோட்டால) 6 தடவ வெறும் 'டிக்'. வெடிக்கல. அதுல 4 ரவுண்டு திரும்ப போட்டா வெடிச்சிருச்சு. சுத்தமே பண்ணாதப்ப ஒழுங்கா ஓடுச்சே, குளிப்பாட்டினதுக்கு கோவமா?

கரிப்பேரல்:
வா தம்பி வா. இதுக்குத்தான் நான் கழுவுறதே இல்ல 😂

ரேஞ்சு_அக்கா:
தம்பி, அதெல்லாம் அப்புறம். 'டிக்'னு சத்தம் வந்ததும் நீ என்ன பண்ண, அத மொதல்ல சொல்லு. உடனே ஸ்லைட இழுத்து வெளிய தள்ளினியா? சில சமயம் மருந்து லேட்டா பிடிக்கும். பிஸ்டல டார்கெட் பக்கமே நீட்டி வச்சு 30 செகண்ட் காத்திருந்துட்டு அப்புறம் தள்ளணும். அதே மாதிரி 'டொப்'னு சத்தம் கம்மியா வந்துச்சுன்னா அதோட நிறுத்திடணும், அடுத்தத சுடவே கூடாது, குண்டு பேரல்குள்ளயே மாட்டியிருக்கலாம், பின்னாடி இன்னொண்ணு போனா பேரல் பிளந்துடும். இத தெரிஞ்சிக்கிட்டு மத்தத பேசு.

இப்ப உன் விஷயம். வெடிக்காத ரவுண்டோட அடில பிரைமர்ல, அதான் அடிபட்டதும் மருந்தப் பத்த வைக்கிற அந்த சின்ன வட்டத்துல, விழுந்த குழி எப்படி இருந்துச்சு? வெடிச்ச காலி கேஸ் (தோட்டாக் கூடு) ஒண்ண பக்கத்துல வச்சு பாத்து சொல்லு.

புதுத்தோட்டா:
காத்திருந்தேன் அக்கா, அது கிளாஸ்ல சொல்லிக்கொடுத்தாங்க. வெடிக்காத ரெண்டையும் ரேஞ்சுலயே அதுக்குன்னு இருக்குற டப்பால போட்டுட்டேன், ஆனா ஃபோட்டோ எடுத்து வச்சிருக்கேன். குழி லேசாத்தான் இருக்கு, நகத்தால அழுத்தின மாதிரி. வெடிச்சதுல நல்லா ஆழமா இருக்கு.

லேத்து_மாமா:
அப்ப அடி பலமா விழல. ஸ்ட்ரைக்கர் ஓடுற ஓட்டைக்குள்ள ஆயில் போயிருக்கும்னு நெனைக்கிறேன். ஸ்ப்ரேய எங்கெங்க அடிச்சப்பா?

புதுத்தோட்டா:
எங்கெங்க அடிக்கலன்னு கேளுங்க மாமா. ஸ்லைட கவுத்து வச்சு உள்பக்கம் பூரா, பிரீச் ஃபேஸ்ல, அதான் ரவுண்டோட அடி வந்து ஒட்டுற இடத்துல, அந்த சின்ன ஓட்டைல ட்யூப் வச்சு கூட அடிச்சேன், உள்ள இருக்குறதும் பாகம்தான அதுக்கும் ஆயில் வேணும்னு. தோட்டா அடுக்கி சொருகுற மேகசின் உள்ளயும் அடிச்சேன். 🙈

லேத்து_மாமா:
கிடைச்சிருச்சு காரணம்.

பாரு, ஸ்ட்ரைக்கர்ங்கிறது ஒரு ஊசி. ஸ்பிரிங் அத முன்னாடி தள்ளுது, அது பாயுற வேகத்துலதான் பிரைமர் வெடிக்குது. அந்தக் குழாய் காஞ்சு இருக்கணும், அதுல ஆயில் நின்னா ஊசி தண்ணிக்குள்ள கைய வீசின மாதிரி மெதுவாப் போகும், இதுல குளிர் வேற இருந்துச்சுன்னா ஆயில் இன்னும் கெட்டியாகிடும். அதோட நீ சால்வென்ட் ஊத்தி தேச்ச கரியும் வேகாத மருந்துத் தூளும் கரைஞ்சு அதே ஓட்டை வழியா உள்ள இறங்கியிருக்கும். ஒரு வருஷமா கரி காஞ்சு கெடந்துச்சு, ஒண்ணும் பண்ணல. நீதான் அத சேறாக்கி உள்ள அனுப்பின.

பதினோரு_பைத்தியம்:
மாமா சொல்றது சரியா இருக்கலாம், ஆனா நேரா ஸ்ட்ரைக்கர் மேல பழி போட வேணாம். ஸ்லைடு முழுசா மூடாம ஒரு மயிரிழை பின்னாடி நின்னாலும் அடி லேசாத்தான் விழும். சேம்பர்ல, அதான் ரவுண்டு உக்கார்ற இடத்துல, கரி இருந்தாலோ, கிரீஸ் கெட்டியா அப்பியிருந்தாலோ, ஸ்லைட திரும்ப முன்னாடி தள்ற ரிகாயில் ஸ்பிரிங் நொந்து போயிருந்தாலோ அப்படி ஆகும். பிரைமரே அந்த ரவுண்டுல சரியா உக்காராம கொஞ்சம் வெளிய நீட்டிட்டு இருந்தாலும் முதல் அடி அத உள்ள தள்றதுலயே வீணாப்போயிடும், ரெண்டாவது அடிலதான் வெடிக்கும். 4 ரவுண்டு திரும்ப போட்டதும் வெடிச்சிருச்சுன்னு தம்பி சொல்றாரே, இதுக்கும் பொருந்துதில்ல?

லேத்து_மாமா:
பொருந்துது. ஆனா அதே டப்பா ரவுண்டு போன மாசம் வெடிச்சுதான்னு கேட்டா போதும். நடுவுல மாறினது ஒண்ணே ஒண்ணு, அந்த ஸ்ப்ரே.

புதுத்தோட்டா:
அதே டப்பாதான், பாதி போன மாசம் சுட்டது. ஸ்லைடும் முழுசா மூடித்தான் இருந்துச்சு, பின்னாடி லெவலா இருக்கான்னு ஒவ்வொரு தடவையும் பாத்தேன்.

பதினோரு_பைத்தியம்:
சரி, வாபஸ்.

சும்மா_படிக்கிறவன்:
நடுவுல பூந்து ஒரு டவுட்டு. அந்த சின்ன ஓட்டை வழியாவே மறுபடி சால்வென்ட் அடிச்சு கழுவி விட்டா சரியாகாதா? பிரேக் கிளீனர் ஸ்ப்ரே ஒண்ணு வச்சிருக்கேன், பொட்டுனு காஞ்சிடும்.

லேத்து_மாமா:
கழுவினது எங்க போகும்? உள்ளயேதான் ஒரு மூலைல தேங்கும். பிரேக் கிளீனர் இரும்புக்கு ஓகே, பாலிமர்லயும் பெயின்ட்லயும் பட்டா சிலது தின்னுடும், அசிட்டோன் இருக்குற எதையும் பிளாஸ்டிக் கிட்ட கொண்டு போகாத. அதோட மூடின ரூம்ல அத அடிச்சா மண்டை கிர்ருனு ஆகும். ஸ்ட்ரைக்கர வெளிய எடுத்து துடைக்கிறதுதான் ஒரே வழி. பின்னாடி ஒரு சின்ன தட்டு இருக்கும், அத இறக்கினா ஸ்பிரிங்கோட சேந்து வரும்.

ரேஞ்சு_அக்கா:
மாமா, அவரு முதல் போஸ்ட் போட்டிருக்காரு, நீங்க ஸ்ட்ரைக்கர கழட்டச் சொல்றீங்க. மேனுவல்ல எது வரைக்கும் பிரிக்கச் சொல்லியிருக்கோ அதோட நிறுத்தணும். நிறைய மேனுவல்ல ஸ்லைடு, பேரல், ஸ்பிரிங், மேகசின் அவ்ளோதான் நம்ம வேலை, அதுக்கு மேல ஆர்மரர், அதான் துப்பாக்கி ரிப்பேர் பண்றவர், கைல. தட்ட இறக்கும்போது ஸ்பிரிங் சுதந்திரம் வாங்கி கட்டிலுக்கு அடில ஓடும், எங்க ரேஞ்சுல நாலு பேரு மண்டி போட்டுத் தேடினது எனக்கு மறக்கல. தம்பி ஆர்மரர்கிட்ட கொண்டு போ. அதுவரைக்கும் சுடாத.

புதுத்தோட்டா:
சரி அக்கா. கொண்டு போறேன். அடுத்த தடவ எப்படி ஒழுங்கா பண்றதுன்னு யாராவது முழுசா சொன்னா புண்ணியம், வீடியோ ஒவ்வொண்ணும் ஒரு மாதிரி சொல்லுது.

ரேஞ்சு_அக்கா:
முதல் பாதிய நான் சொல்றேன், ஏன்னா அதுல யாரும் குறுக்க பேசக்கூடாது.

உக்காரும்போது அந்த ரூம்லயே ரவுண்டு இருக்கக்கூடாது. டேபிள்ல இல்ல, ரூம்ல. மொதல்ல மேகசின வெளிய எடு, அப்புறம்தான் ஸ்லைட இழு. மாத்தி பண்ணா, அதாவது மேகசின் உள்ள இருக்கும்போதே ஸ்லைட இழுத்துட்டு அப்புறம் மேகசின எடுத்தா, சேம்பர்ல ஒண்ணு ஏறி உக்காந்திருக்கும், உனக்கு காலின்னு தோணும். இழுத்து லாக் பண்ணிட்டு கண்ணால பாரு, சுண்டுவிரல விட்டு தடவிப் பாரு, வேற எங்கயாவது ரெண்டு நிமிஷம் பாத்துட்டு திரும்ப பாரு. நான் இத்தன வருஷத்துக்கு அப்புறமும் ரெண்டு தடவ பாக்குறேன், அதுல வெக்கம் ஒண்ணுமில்ல.

உன்னது மாதிரி சில பிஸ்டல்ல ஸ்லைடு கழண்டு வரணும்னா ட்ரிகர அழுத்தியே ஆகணும், கிளாக் கம்பெனி பிஸ்டல் அப்படித்தான். வீட்ல தவறி வெடிச்சதா கேள்விப்படுற கதைல நிறைய இந்த இடத்துலதான். காலின்னு நெனச்சு அழுத்துவாங்க. அதனால அழுத்துறப்பவும், குண்டு போனாலும் யாருக்கும் ஒண்ணும் ஆகாத பக்கமா நீட்டி வச்சுத்தான் அழுத்தணும். பெரெட்டா 92, சிக் பி226 மாதிரி லீவர் வச்சு பிரிக்கிறதுல இந்தத் தலைவலி இல்ல, ஆனா சேம்பர் பாக்குற வேலை எல்லாத்துக்கும் ஒண்ணுதான்.

கண்ணாடி போட்டுக்கோ. ஸ்பிரிங்கும் சால்வென்டும் கண்ணுக்கு நேரா தெறிக்கும்.

பதினோரு_பைத்தியம்:
கண்ணாடிக்கு ஒரு ஓட்டு. 1911-ங்கிற மாடல் பிஸ்டல்ல முன்னாடி இருக்குற ஸ்பிரிங் பிளக் கை நழுவுச்சுன்னா கூரைல போய் அடிக்கும், எங்க வீட்ல கூரைல இன்னும் அந்த வடு இருக்கு. அப்புறம் திரும்ப மாட்டும்போது ஸ்லைட பின்னாடி நிறுத்துற லீவர், அந்த ஸ்லைடு ஸ்டாப்ப, மேல கோணலா தள்ளினா ஃப்ரேம்ல வளைவா ஒரு கோடு விழும், அந்தக் கோட்டப் பாத்தாலே வச்சிருக்கவன் அவசரக்காரன்னு தெரிஞ்சிடும். என்னோடதுல ரெண்டு கோடு இருக்கு.

லேத்து_மாமா:
ரெண்டாவது பாதி என்னோடது, கொஞ்சம் நீளமாப் போகும்.

பேரல். சால்வென்ட் நனைச்ச துணித்துண்ட சேம்பர் பக்கத்துல இருந்து விட்டு முன்னாடி வெளிய எடு. பத்து பதினஞ்சு நிமிஷம் ஊற விடு, அவசரப்பட்டு தேச்சா கைதான் வலிக்கும். அப்புறம் வெண்கல பிரஷ், அதுவும் பின்னாடி இருந்து முன்னாடி, முழுசா வெளிய வந்ததுக்கு அப்புறம்தான் திரும்ப இழுக்கணும், பேரல் நடுவுல நின்னு திருப்பினா முள்ளு மடங்கும். அப்புறம் காஞ்ச துணி ரெண்டு மூணு. கொஞ்சம் சாம்பல் நிறமா வந்தா போதும், விட்டுடு. வெள்ள வெளேர்னு வர்ற வரைக்கும் தேய்க்கிறவன் பிஸ்டல தேய்க்கல, மனசத் தேய்க்கிறான்.

கரி நெசமாவே தொல்லை பண்ற இடம் பேரல் இல்ல. பிரீச் ஃபேஸ், காலி கேஸ வெளிய இழுக்குற எக்ஸ்ட்ராக்டர் நகத்துக்கு அடி, சேம்பர் வாய், ரவுண்டு சேம்பருக்கு ஏறிப் போற சரிவு அதாவது ஃபீட் ரேம்ப். அந்த நகத்துக்கு அடில கரி கெட்டிச்சா கேஸோட விளிம்ப சரியா பிடிக்காம நழுவும், காலி கேஸ் உள்ளயே நிக்கும். பழைய டூத் பிரஷ்ஷும் பல்லு குத்துற குச்சியும் இங்கதான் வேலை செய்யும். பிரீச் ஃபேஸ தேய்க்கும்போது ஸ்லைடோட முன்பக்கத்த கீழ சாச்சு பிடி, அழுக்கு வெளிய வடியட்டும். இத மட்டும் பண்ணியிருந்தா நீ இந்த இழையே ஆரம்பிச்சிருக்க மாட்ட.

ஆயில். முப்பது வருஷமா லேத்துல நிக்கிறேன், எல்லாப் புது பசங்களும் பண்ற தப்பு இதுதான், ஆயில்னா தண்ணி மாதிரி ஊத்தணும்னு. ரெண்டு இரும்பு உரசுற இடத்துல நடுவுல ஒரு படலம் நின்னா போதும். அதுக்கு மேல ஊத்தினது எல்லாம் வழிஞ்சு தூசியையும் கரியையும் பிடிச்சு வச்சு சாணை பேஸ்ட் மாதிரி ஆகி, காப்பாத்த ஊத்தின ஆயிலே அரிக்க ஆரம்பிக்கும். எங்க வைக்கணும்னு பிஸ்டலே பல்ல இளிச்சு காட்டும். கருப்பு போய் பளபளன்னு தேஞ்சிருக்குற இடம் பாரு, பேரல் மேல வெளிப்பக்கம், பேரலோட பின் மேல்பக்கம், அதுக்கு நேரா ஸ்லைடு உள்பக்கம், ஸ்லைடோட ரெண்டு காடி. அங்க ஒரு ஒரு சொட்டு, விரலால தடவி விடு. கிளாக்ல இன்னும் ஒரு சொட்டு முக்கியம், ட்ரிகர் பாரும் கனெக்டரும் உரசுற இடம், ஃப்ரேம்ல பின்பக்கம் வலது மூலைல. அது காஞ்சு போனா ட்ரிகர் கரகரன்னு போகும். மொத்தமே கைவிரல்ல எண்ணிடலாம்.

ஸ்ட்ரைக்கர் குழாய், மேகசின் உள்பக்கம், இது ரெண்டும் காஞ்சுதான் இருக்கணும். மேகசின்ல ஆயில் இருந்தா தூசி ஒட்டும், ரவுண்டு மேலயும் படும், பிரைமர் பக்கம் ஆயில் போறது நல்லதில்ல. பேரல் உள்ள துரு பிடிக்காம இருக்க மெல்லிசா தடவலாம், ஆனா சுடப்போறதுக்கு முன்னாடி காஞ்ச துணி விட்டு துடைச்சிடணும், சேம்பரையும் சேத்து.

கரிப்பேரல்:
மாமா கட்டுரைப் போட்டிக்கு அனுப்புங்க இத.

பதினோரு_பைத்தியம்:
ஒத்துக்கிறேன், ஆனா "ஒரு சொட்டு" எல்லாருக்கும் வேதம் இல்ல. பாலிமர் ஃப்ரேம்ல ஸ்லைடு ஓடுறது நாலு குட்டி இரும்புத் துண்டு மேல, அதுக்கு ஒரு சொட்டு போதும். 1911-ல ரயில் முழு நீளத்துக்கு இரும்பு மேல இரும்பு, டைட்டா பிட்டிங் பண்ணதுன்னா கொஞ்சம் ஈரமாவே கேக்கும். நான் ரயிலுக்கு கிரீஸ்தான் வைக்கிறேன், ஆயில் ரெண்டு நாள்ல வடிஞ்சு ஹோல்ஸ்டர் உறைல நிக்குது. சுழலுறதுக்கு ஆயில், வழுக்குறதுக்கு கிரீஸ்.

லேத்து_மாமா:
அலுமினியம் ஃப்ரேமுக்கும் கிரீஸ் நல்லது, மேல இருக்குற பூச்சு தேயாம காப்பாத்தும். ஆனா கடுங்குளிர்ல கிரீஸ் மெழுகாகிடும், அங்க ஆயிலுக்கு மாறணும். புது கிளாக்ல ஸ்லைடுக்குள்ள செம்பு நிறத்துல ஒரு பேஸ்ட் இருக்கும், அழுக்குன்னு நெனச்சு துடைக்கிறாங்க, அது கம்பெனி வச்சு அனுப்புற லூப்ரிகன்ட், கொஞ்ச நாள் இருக்கட்டும்.

சும்மா_படிக்கிறவன்:
டபிள்யூடி-40 போடலாமா கூடாதா? இதுல அடிதடியே நடக்குது. தையல் மெஷின் ஆயில்? எங்க சித்தப்பா சமையல் எண்ணெய் போட்டே ஓட்டினேன்னு கதை விடுவாரு.

லேத்து_மாமா:
டபிள்யூடிங்கிறது தண்ணிய வெளியேத்துறதுன்னு அர்த்தம், நாப்பதாவது ஃபார்முலாங்கிறதால 40, 1953-ல வந்தது. பேர்லயே வேலை இருக்கு. மழைல நனைஞ்சு வந்த பிஸ்டல்ல தண்ணிய விரட்ட அடிக்கலாம், அப்புறம் துடைச்சுட்டு நெசமான ஆயில் போடணும், அது மட்டும் போதும்னு மாசக்கணக்குல வைக்கக்கூடாது. தையல் மெஷின் ஆயில் மினரல் ஆயில்தான், அவசரத்துக்கு நல்லாவே வழுக்கும், துருவத் தடுக்குற மருந்து பலதுல இருக்காது அவ்ளோதான். சமையல் எண்ணெய் காத்துல பட்டு பிசினாகும், சட்டி அடில பிடிக்கிற பிசுக்கு பாத்திருப்பல்ல, அது ஸ்லைடுக்குள்ள வேணுமா? சித்தப்பாவ கும்புட்டேன்னு சொல்லு.

சும்மா_படிக்கிறவன்:
இன்னொண்ணு மாமா, செம்பு எடுக்குற சால்வென்ட் வச்சு ஒரு நாள் பூரா தேச்சேன், துணி நீலமா வந்துட்டே இருக்கு, முடியவே இல்ல. பேரல்ல அவ்ளோ செம்பா?

பதினோரு_பைத்தியம்:
வெண்கல பிரஷ் போட்டியா? அப்ப நீ பிரஷ்ஷத்தான் கரைச்சிட்டு இருக்க 🤣 வெண்கலத்துலயும் செம்புதான. அந்த சால்வென்டுக்கு நைலான் பிரஷ் எடு. அம்மோனியா கலந்ததா இருந்தா நிக்கல் பூச்சு இருக்குற பிஸ்டல் பக்கமே கொண்டு போகாத, பூச்சு உரிஞ்சிடும்.

சர்ப்ளஸ்_சாமி:
பழைய மிலிட்டரி ரவுண்டு சுடுறவங்களுக்கு ஒரு வார்த்தை, இங்க யாரும் சொல்லல. அதுல பலதோட பிரைமர்ல பொட்டாசியம் குளோரேட் இருக்கும், வெடிச்சதும் உப்பு படியும், அந்த உப்பு காத்துல இருக்குற ஈரத்த இழுத்து ராத்திரியோட ராத்திரியா பேரல துருவாக்கிடும். ஆயில் உப்ப கரைக்காது, எவ்ளோ ஊத்தினாலும் உப்பு மேல போர்வை போத்தின மாதிரிதான். தண்ணிதான் கரைக்கும். சோப்பு போட்ட சுடுதண்ணி விட்டு கழுவி, நல்லா காயவச்சு, அப்புறம் ஆயில். துப்பாக்கிக்கு தண்ணியான்னு கத்தாதீங்க, என்னோட ஒரு பேரல் குழி குழியா போனதுக்கு அப்புறம்தான் நானும் நம்பினேன்.

ரேஞ்சு_அக்கா:
உப்பு பத்தி சொன்னீங்க, ஈயம் பத்தி யாரும் மூச்சு விடல. சாதாரண பிரைமர்லயும் ஈயம் கலந்த மருந்து இருக்கு, குண்டுலயும் இருக்கு, அந்தக் கருப்பு மசில அதுவும் இருக்கு. சாப்பிடுற டேபிள்ல வச்சு பண்ணாதீங்க, பேப்பர் விரிச்சு வேற இடத்துல பண்ணுங்க, கையுறை போடுங்க, ஜன்னலத் திறங்க. முடிச்சதும் பச்சத்தண்ணில சோப்பு போட்டு கை மூஞ்சி ரெண்டும் கழுவாம டீ கப்பத் தொடக்கூடாது. சின்னக் குழந்தைங்க இருக்குற வீட்ல அந்த துணித்துண்ட திறந்த கூடைல போடவே வேணாம். கைக்குழந்தைய தூக்குறதுக்கு முன்னாடி சட்டைய மாத்து.

புதுத்தோட்டா:
ஐயோ நான் சாப்பிடுற டேபிள்லதான் பண்ணேன். கேக்காதது எல்லாம் தெரிஞ்சிக்கிறேன் இன்னிக்கு.

மாட்டினதுக்கு அப்புறம் சரியா மாட்டியிருக்கேனான்னு எப்படிப் பாக்குறது?

பதினோரு_பைத்தியம்:
திரும்பவும் காலின்னு உறுதி பண்ணிட்டு, பத்திரமான பக்கம் நீட்டி ஸ்லைட இழுத்து விடு, ட்ரிகர அழுத்து, 'டிக்'. அழுத்தினபடியே பிடிச்சிட்டு ஸ்லைட இன்னொரு தடவ இழுத்து விடு, இப்ப ட்ரிகர மெதுவா விட்டா அது அடுத்த அடிக்கு தயாராகுற ரீசெட் 'க்ளிக்' கேக்கணும், திரும்ப அழுத்தினா 'டிக்' வரணும். காலி மேகசின போட்டு இழுத்தா ஸ்லைடு பின்னாடி நிக்கணும். சேஃப்டி இருந்தா அத ஆன் பண்ணி அழுத்திப் பாரு, ஒண்ணும் நடக்கக்கூடாது. ஒரு நிமிஷ வேலை.

புதுத்தோட்டா:
அப்டேட்!! இன்னிக்கு ஆர்மரர்கிட்ட போயிட்டு வந்தேன். தட்ட இறக்கி ஸ்ட்ரைக்கர வெளிய எடுத்து வெள்ளை துணில வச்சாரு, கண்மை மாதிரி கருப்பா பசபசன்னு, ஸ்பிரிங்கோட ஒவ்வொரு வளையத்துக்கு நடுவுலயும் அப்பி இருந்துச்சு. குழாய்க்குள்ள பஞ்சு குச்சி விட்டாரு, ஆறு குச்சி கருப்பா வந்துச்சு, ஏழாவதுதான் வெள்ளை. "எத்தன டப்பா ஊத்தினீங்க"ன்னு மட்டும் கேட்டாரு, வேற ஒண்ணும் சொல்லல, அதுவே போதுமான அவமானம். எல்லாம் காயவச்சு ஒரு சொட்டு கூட போடாம மாட்டிக் கொடுத்தாரு. அங்கேயே அதே டப்பால மிச்சம் இருந்தது, அப்புறம் புது டப்பா, மொத்தம் 100 ரவுண்டு சுட்டேன், ஒண்ணு கூட 'டிக்' இல்ல. மேகசினயும் பிரிச்சு துடைச்சாச்சு, அடித்தட்ட எடுக்கும்போது ஸ்பிரிங் மூக்குல அடிச்சுது, கண்ணாடி போட்டிருந்தேன் அக்கா.

ரேஞ்சு_அக்கா:
மூக்குக்கு கவசம் இன்னும் வரல. நல்லது தம்பி. வீட்ல வைக்கும்போது தோல் ஹோல்ஸ்டர்ல சொருகி வைக்காத, தோல் ஈரத்த பிடிச்சு வச்சு துரு ஏத்தும். பூட்டு போட்ட பெட்டில தனியா வை, ரவுண்டு வேற இடத்துல.

கரிப்பேரல்:
சரி நானும் ஒரு உண்மைய சொல்லிடுறேன். இந்த இழைய படிச்சிட்டு ராத்திரி என்னோடத பிரிச்சேன். எக்ஸ்ட்ராக்டர் நகத்துக்கு அடில இருந்து கரி ஓடு மாதிரி ஒரு துண்டு வந்துச்சு, அப்படியே நகத்தோட அச்சு. ரெண்டு மாசமா காலி கேஸ் அப்பப்ப உள்ள நிக்குதேன்னு ரவுண்டு கம்பெனிய திட்டிட்டு இருந்தேன்.

பதினோரு_பைத்தியம்:
ஸ்க்ரீன்ஷாட் எடுத்தாச்சு. பேரு மாத்திக்கோ.

புதுத்தோட்டா:
மாமா கடைசியா ஒண்ணு, அந்த ஸ்ப்ரே முக்கால் டப்பா மிச்சம் இருக்கு. அத என்ன பண்றது?

லேத்து_மாமா:
கதவுக் கீல் கத்துதா? அதுக்கு அடி.